லீ கிராண்டின் அந்த 12 வருடங்களை மேடையில் எப்படிக் காட்டுவது?

பிடோக் மல்லி எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாகக் கேட்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பகலில் ஒரு அலுவலகத்தில் கணக்கு எழுதுகிறேன், இரவில் நாடகம். 19 வருடமாக இப்படித்தான் ஓடுகிறது. எங்களுடையது சின்னக் குழு. சிங்கப்பூரில், பிடோக்கில் ஒரு சமூக மன்ற அறையில் செவ்வாயும் வியாழனும் இரவு 8 மணிக்கு ஒத்திகை. வருகிற ஏப்ரலில் தமிழ் மொழி விழா சமயத்தில், வேலை மறுக்கப்பட்ட கலைஞர்களைப் பற்றி மூன்று குறுநாடகங்கள் போடுகிறோம். என் பங்குக்கு வந்தவர் லீ கிராண்ட் என்ற அமெரிக்க நடிகை. 25 நிமிடம். மேடையில் நான் ஒருத்திதான்.

அவரைத் தெரியாதவர்களுக்காக: நியூயார்க்கில் பிறந்தவர். 1949-ல் பிராட்வேயில், அதாவது நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகளில், 'டிடெக்டிவ் ஸ்டோரி' நாடகத்தில், கடையில் கைப்பை திருடி மாட்டிக்கொண்ட பெண்ணாக நடித்தார். அந்தப் பாத்திரத்துக்கு ஒரு பெயர்கூட இல்லை. கடையில் திருடியவள், அவ்வளவுதான். 1951-ல் நாடகம் படமானபோது அதே வேடம் அவருக்கே வந்தது. அந்தச் சின்ன வேடத்துக்குக் கான் விழாவில் சிறந்த நடிகை விருது, ஆஸ்கருக்குப் பரிந்துரை. முதல் படத்திலேயே இவ்வளவும்.

அந்த டிசம்பரில் எட்வர்ட் புரோம்பெர்க் என்ற நடிகர் லண்டனில் மாரடைப்பில் இறந்துபோனார். 47 வயது, ஏற்கெனவே இதய நோயாளி. அதே வருடம்தான் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபையின் விசாரணைக் குழு அவரைக் கூப்பிட்டு, நீ கம்யூனிஸ்டா என்று துருவியிருந்தது. நியூயார்க்கில் நடந்த நினைவுக் கூட்டத்தில் லீ கிராண்ட் பேசினார். அந்த விசாரணைதான் மனிதரை விரட்டிக் கொன்றது என்ற பொருளில் பேசினார். அதோடு, வேலை கொடுக்கக் கூடாதவர்கள் என்று சுற்றிவந்த கறுப்புப் பட்டியலில் லீ கிராண்டின் பெயரும் ஏறிவிட்டது. 24 வயதிலிருந்து 36 வயதுவரை என்று அவரே பிற்பாடு கணக்குச் சொல்லியிருக்கிறார். ஒரு நடிகைக்கு அவை எப்பேர்ப்பட்ட வருடங்கள் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இப்போது என் சிக்கல். எழுத்துப் பிரதியில் இந்த இடத்தில் மூன்றே வரி இருக்கிறது: 'விளக்கு அணைகிறது. 12 ஆண்டுகள். விளக்கு எரிகிறது.' இயக்குநர் தம்பி நல்ல திறமைசாலி, அவர் மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் போன வியாழக்கிழமை ஒத்திகையில் அந்த இருட்டில் நின்றேன். ஒன்பது நொடி. தோள் சால்வையை எடுத்துவிட்டு வேறொன்று போட்டுக்கொள்ள வேண்டும், வயது கூடிவிட்டது என்று காட்ட. கையில் சால்வையோடு நிற்கும்போது மனசு ஒப்பவே இல்லை. ஒரு மனுஷியின் 12 வருடத்தை நான் ஒரு துணியில் மாற்றிக்கொண்டிருக்கிறேன்.

எனக்குத் தெரிய வேண்டியது இதுதான். அந்த வருடங்களில் ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் அவர் என்ன செய்தார்? வாடகைக்கு என்ன வழி? சினிமாவும் தொலைக்காட்சியும் கதவைச் சாத்தின, ஆனால் மேடை சாத்தவில்லை என்று படித்தேன், அது எப்படி? அவரிடம் சரியாக என்னதான் கேட்டார்கள், அவர் எதற்கு மாட்டேன் என்றார்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.


தெம்பனிஸ் வாத்தியார் எழுதியது:

மல்லி, நல்ல கேள்வி. பள்ளியில் பல வருடம் வரலாறு எடுத்தவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

முதலில் ஒன்றைத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். அந்தத் தடைக்கு உத்தரவு என்று ஒரு தாள் கிடையாது. 1947-ல் விசாரணைக் குழு முன்னால் பத்துப் பேர் பதில் சொல்ல மறுத்தார்கள். எழுத்தாளர்கள், இயக்குநர்கள். அவர்கள் அவமதிப்புக் குற்றத்துக்கு ஆளாகிச் சிறைக்குப் போனார்கள். நவம்பர் மாதம் படநிறுவன முதலாளிகள் ஒரு ஹோட்டலில் கூடி, இவர்களுக்கு வேலை இல்லை என்று அறிக்கை விட்டார்கள். அரசாங்கம் தடை போடவில்லை, முதலாளிகள் தாங்களே முந்திக்கொண்டார்கள். 1950 ஜூனில் 'ரெட் சேனல்ஸ்' என்ற சின்னப் புத்தகம் வந்தது. வானொலி, தொலைக்காட்சி ஆட்கள் 151 பேரின் பெயர், ஒவ்வொரு பெயருக்குக் கீழேயும் எந்தக் கூட்டத்துக்குப் போனார், எந்த மனுவில் கையெழுத்துப் போட்டார் என்ற விவரம். அதன்பிறகு இப்படிப்பட்ட பட்டியல்கள் பெருகின. லீ கிராண்டின் பெயர் ஏறியது பின்னால் வந்தவற்றில்.

மேடை ஏன் தப்பியது என்று கேட்டீர்கள். பணம் வந்த வழியைப் பாருங்கள். அந்தக் காலத்துத் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஒரு சோப்பு நிறுவனமோ காப்பித்தூள் நிறுவனமோ இருக்கும். நிகழ்ச்சியே அவர்கள் காசு. 'இந்த நடிகையை வைத்தால் எங்கள் ஊரில் உன் சோப்பை வாங்க மாட்டோம்' என்று நாலு கடிதம் வந்தால் போதும், விளம்பர முகவர் பயந்துவிடுவார். நாடகத்துக்கு அப்படி ஒரு முதலாளி கிடையாது. ஒவ்வொரு நாடகத்துக்கும் தனித்தனியாகப் பணம் திரட்டுவார்கள், சீட்டு வாங்கியவர் வந்து பார்ப்பார். அதனால் நியூயார்க் மேடையில் ஓரளவு மூச்சு விட முடிந்தது.

கேட்ட கேள்விக்கு வருகிறேன். லீ கிராண்டின் கணவர் அர்னால்ட் மேனாஃப், எழுத்தாளர், அவரும் பட்டியலில் இருந்தவர். கணவர் பெயரைச் சொல், உன் பெயரை எடுத்துவிடுகிறோம் என்பதுதான் பேரம். அவர் சொல்லவில்லை.

இதில் ஒரு சட்டப் பொறி இருந்தது. 'என்னைப் பற்றி எது வேண்டுமானாலும் கேளுங்கள், அடுத்தவரைப் பற்றிப் பேச மாட்டேன்' என்று சொல்லித் தப்பிக்கலாமே என்று நமக்குத் தோன்றும். முடியாது. தன்னைப் பற்றிப் பேச ஆரம்பித்தவர் மௌனம் காக்கும் உரிமையை இழந்துவிடுவார் என்று 1951-லேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. வாய் திறந்தால் எல்லாவற்றுக்கும் திறக்க வேண்டும். இல்லையென்றால் முழுக்க மூடிக்கொண்டு, ஊர் தன்னைக் குற்றவாளி என்று நினைப்பதைத் தாங்கிக்கொள்ள வேண்டும்.

என்னை இன்றும் உறுத்துவது வேறொன்று. மேனாஃபின் பெயர் அவர்களுக்குத் தெரியாததா? பட்டியலில் இருக்கிறவரே அவர்தானே. தெரிந்த பெயரை மனைவி வாயால் சொல்ல வைக்க வேண்டும், அதுதான் அவர்களுக்கு வேண்டியிருந்தது.


பொங்கோல் செந்தில் எழுதியது:

வாத்தியார் ஐயா, தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். ஒரு நிறுவனம் தனக்குப் பிடிக்காதவரை வேலைக்கு எடுக்காமல் இருப்பது அதன் உரிமை இல்லையா? அது பனிப்போர்க் காலம், சோவியத் உளவாளிகள் இருந்ததும் உண்மைதானே. கதையை ஒரு பக்கமாக மட்டும் சொல்கிறோமோ என்று தோன்றுகிறது.


தெம்பனிஸ் வாத்தியார் எழுதியது:

செந்தில் தம்பி, கேட்டது நியாயம். உளவாளிகள் இருந்தார்கள், அவர்கள் மேல் வழக்கும் நடந்தது. லீ கிராண்ட் மேல் என்ன வழக்கு? ஒன்றுமில்லை. இறந்துபோன நண்பருக்காக ஒரு கூட்டத்தில் பேசினார். பட்டியலில் பெயர் போட்டவர் யார், ஆதாரம் என்ன, எங்கே போய் மறுப்பது என்று ஒரு வழியும் கிடையாது.

நிறுவனத்தின் உரிமை என்கிறீர்கள். ஜான் ஹென்றி ஃபாக் என்ற வானொலிக்காரர் அதைத்தான் நீதிமன்றத்துக்கு இழுத்தார். 1956-ல் வழக்குப் போட்டார். பட்டியல் போட்டு மிரட்டியவர்களை நோக்கித்தான் வழக்கு. 1962-ல் நடுவர் குழு அவருக்கு மூன்றரை மில்லியன் டாலர் கொடுக்கச் சொன்னது. மேல்முறையீட்டில் அது வெகுவாகக் குறைந்தது, ஆனால் அந்தப் பட்டியல் வியாபாரத்துக்கு விழுந்த பலத்த அடி அது. அதற்குள் அவருக்கு ஆறு வருடம் போய்விட்டது.


செம்பவாங் பெரியவர் எழுதியது:

எனக்கு 78 வயது. மெதுவாகத்தான் தட்டுகிறேன்.

மல்லி அம்மா, அமெரிக்காக்காரி கதையைக் கேட்டதும் எனக்கு விசுவநாததாஸ் ஞாபகம் வந்தது. சிவகாசிக்காரர். வெள்ளைக்காரன் காலத்தில் மேடையில் முருகனாக நின்று 'கொக்கு பறக்குதடி' பாட்டைப் பாடுவார். மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதியது. கொக்கு யார் என்று கொட்டகையில் இருக்கிற குழந்தைக்கும் தெரியும். போலீஸ் வரும், கைது, சிறை, வெளியே வருவார், மறுபடி பாடுவார். பலமுறை. சாதியைச் சொல்லி அவரோடு நடிக்க மறுத்தவர்களும் இருந்தார்கள், அதையும் மறைக்கக் கூடாது. 1940 டிசம்பர் 31 இரவு சென்னையில் மயில்மேல் முருகன் வேடத்தில் இருந்தபடியே மேடையில் உயிர் பிரிந்தது. என் அப்பா இதைச் சொல்லும்போது தொண்டை அடைத்துக்கொள்ளும். அவருக்கு இங்கே துறைமுகத்தில் வேலை. ஊரிலிருந்து கொண்டுவந்த சொத்து இந்த மாதிரிக் கதைகள்தான்.

ஆனால் வித்தியாசம் பாருங்கள். தாஸை மேடையில் வைத்துக் கைது செய்தார்கள், ஊரே பார்த்தது. லீ கிராண்டை யாரும் கைது செய்யவில்லை. யாரும் எதையும் பார்க்கவில்லை. உங்கள் நாடகத்தில் கஷ்டமான இடம் அதுதான் என்று நினைக்கிறேன்.

நம் ஊர்க் கதை ஒன்றும் சொல்லிவிடுகிறேன். நாடகாசிரியர் குவோ பாவ் குன் 1976-ல், விசாரணை இல்லாமலே அடைத்துவைக்கும் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் உள்ளே போனார், நாலரை வருடத்துக்கு மேல். 1977-ல் குடியுரிமையும் போனது. 1980-ல் வெளியே வந்தார். 1990-ல் அவருக்குக் கலாசாரப் பதக்கம் கொடுத்தார்கள். குடியுரிமை திரும்பி வந்ததோ 1992-ல். பதக்கம் முந்தி, குடியுரிமை பிந்தி. இந்த வருடக் கணக்கை நான் அடிக்கடி மனசுக்குள் ஓட்டிப் பார்ப்பேன்.

வெளியே வந்தவர் என்ன செய்தார்? 1988-ல் பூனையைத் தேடும் ஓர் அம்மாவைப் பற்றி ஒரு நாடகம் போட்டார். மாண்டரின், ஆங்கிலம், மலாய், தமிழ், ஹொக்கியன் என்று பல மொழி, எல்லாம் ஒரே மேடையில். ஹொக்கியன் பேசும் அந்த அம்மாவும் தமிழ் பேசும் ஒரு கிழவரும் சந்திக்கிறார்கள். இவருக்கும் பூனை காணாமல் போயிருக்கிறது. இவர் மொழி அவருக்குத் தெரியாது, அவர் மொழி இவருக்குத் தெரியாது. சைகையிலேயே பூனையைப் பற்றிப் பேசிக்கொள்வார்கள். இந்த ஊர் மேடையில் நம் மொழிக்கு இடம் போட்டுக் கொடுத்தவர்களில் அவரும் ஒருவர். அதை நாம் மறக்கக் கூடாது.


உட்லண்ட்ஸ் உமா எழுதியது:

அக்கா, நான் சொல்லப்போவது நடிப்புப் பக்கம் மட்டும்.

முதலில் ஒரு திருத்தம். 12 வருடம் முழு இருட்டு இல்லை. அதனால்தான் உங்கள் மனசு ஒப்பவில்லை என்று நினைக்கிறேன். 1957-லும் 59-லும் அவர் பிராட்வே மேடையில் இருந்தார். 59-ல் நியூயார்க்கில் எடுத்த ஒரு படத்தில் சின்ன வேடம். நடிப்புச் சொல்லிக்கொடுத்து வாடகை கட்டினார். 1956-ல் மகள் பிறந்தாள், அந்தப் பெண்ணும் பிற்பாடு நடிகையானார். அப்புறம் சின்ன அரங்கு ஒன்றில் 'தி மெய்ட்ஸ்' நாடகத்தில் நடித்து, சிறு அரங்கு நாடகங்களுக்குக் கொடுக்கும் ஓபி விருதும் வாங்கினார். அவர் நடித்துக்கொண்டேதான் இருந்தார். எத்தனை பேர் பார்த்தார்கள் என்பதில்தான் அடி.

இன்னொன்று. மேனாஃப் மாதிரி எழுத்தாளர்கள் தொலைக்காட்சிக்கு வேறு பெயரில் எழுதினார்கள். காசு குறைவு, பெயர் கிடையாது, ஆனால் வேலை நடந்தது. வீட்டில் ஒருவர் மேசையில் உட்கார்ந்து இன்னொருத்தர் பெயரைப் போட்டுத் தட்டச்சு செய்துகொண்டிருக்கிறார். மனைவி அதே அறையில். அவருக்கு அந்த வழி இல்லை. எழுத்துக்கு வேறு பெயர் போடலாம், முகத்துக்கு என்ன செய்வது? இந்த இடத்தை விடாதீர்கள் அக்கா.

என் சொந்த அனுபவம் ஒன்று. அவர் பட்டதோடு இதை வைத்துப் பேசக்கூட எனக்குத் தகுதியில்லை, ஆனால் உடம்பு எப்படி நடந்துகொள்ளும் என்பதற்காகச் சொல்கிறேன். சில வருடம் முன்னால் ஒரு தொடரில் நடித்துக்கொண்டிருந்தேன். துணை நடிகர்களுக்குச் சம்பளம் தாமதமானபோது எல்லோர் சார்பிலும் நான் கேட்டேன். அடுத்த பகுதிக்கு அழைப்பு வரவில்லை. கோபித்துக்கொண்டார்களா, கதை மாறிவிட்டதா, ஒருவரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. கேட்டால் 'சொல்றோம்மா' என்பார்கள், அன்பாகத்தான்.

அந்தத் தொடரில் எனக்கு இடுப்புவரை முடி. கூப்பிட்டால் காட்சி ஒட்ட வேண்டுமே என்று ஏழு மாதம் நான் முடியை வெட்டவில்லை. குளிக்கப் போனால் கைப்பேசியைப் பிளாஸ்டிக் பையில் போட்டு உள்ளே எடுத்துப்போவேன். ஒருநாள் அம்மா சீப்பில் சிக்கெடுத்துக்கொண்டே, 'போதும்டி, வெட்டிக்கோ' என்றார். அன்றைக்குத்தான் அழுதேன்.

அதனால் இருட்டு வேண்டாம் அக்கா. வெளிச்சத்திலேயே இருங்கள். தயாராக இருக்கிற ஒருத்தியாக இருங்கள். காலையில் எழுந்து, குரல் பயிற்சி செய்து, முகம் கழுவி, யாரும் கூப்பிடாத நாளுக்கு உடுத்திக்கொள்கிற ஒருத்தி.

முடிந்தால் 1967-ல் வந்த 'இன் த ஹீட் ஆஃப் த நைட்' படத்தில் அவர் வரும் காட்சியைப் பாருங்கள். கணவர் கொலையானதைச் சிட்னி பாய்ட்டியே வந்து சொல்கிறார். அவர் தொட வரும்போது இவர் கை அவரை விலக்குகிறது, காற்றில் எதையோ தள்ளுகிறது, கடைசியில் அதே கையைப் பிடித்துக்கொள்கிறது. வசனம் குறைவு. நான் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பலமுறை பார்த்திருக்கிறேன். மேனாஃப் இறந்தது 1965-ல், அதற்கு முன்பே இருவரும் பிரிந்துவிட்டார்கள். அந்தப் பட்டியலிலிருந்து லீ கிராண்ட் வெளியே வந்ததும் ஏறக்குறைய அதே நேரம்தான்.


பிடோக் மல்லி எழுதியது:

எல்லோருக்கும் என்ன சொல்வதென்று தெரியவில்லை. நேற்று ரயிலில் இதையெல்லாம் படித்துக்கொண்டே போய் இறங்க வேண்டிய நிலையத்தைத் தாண்டி, தானா மேராவில் இறங்கித் திரும்பி வந்தேன்.

உமா, அந்தக் காட்சியைப் பார்த்தேன். கை பற்றி நீ சொன்னது முழுக்கச் சரி. 1952-ல் அவருக்குள் இருந்தது எங்கேயும் போகவில்லை என்று தெரிகிறது. 'பேட்டன் பிளேஸ்' தொலைக்காட்சித் தொடருக்காக 1966-ல் எம்மி விருது, 'ஷாம்பு' படத்துக்காக 1976-ல் ஆஸ்கர். எங்கள் பிரதி அந்த ஆஸ்கரில்தான் முடிகிறது, கைதட்டல் ஒலியோடு. அதையும் மாற்றச் சொல்லிவிட்டேன். ஆஸ்கர் வந்ததால் சரியாகிவிட்டது என்று பார்க்கிறவர்கள் நிம்மதியாக எழுந்து போய்விடுவார்கள். அந்த வருடங்களுக்கு உரியவற்றை யாரும் திருப்பித் தரவில்லை. அதற்குப் பதில் அவர் 1986-ல் வீடிழந்தவர்களையும் நிலமிழந்த விவசாயிகளையும் பற்றி ஓர் ஆவணப்படம் இயக்கினாரே, அங்கே முடிக்கலாம் என்று நினைக்கிறேன். கதவு சாத்தப்பட்டவர், கதவில்லாதவர்களைப் போய்ப் பார்க்கிறார். இயக்குநர் தம்பி யோசிக்கிறேன் என்றிருக்கிறார்.

12 வருடக் காட்சி இப்போது இப்படி: விளக்கு அணையாது. நான் நடிப்பு வகுப்பு எடுக்கிறேன். பார்வையாளர்கள்தான் என் மாணவர்கள். ஒரு பெண்ணுக்கு, கைப்பை திருடி மாட்டிக்கொண்டவள் காவல் நிலையத்தில் எப்படி உட்காருவாள் என்று சொல்லிக்கொடுக்கிறேன். என் வேடத்தை நானே இன்னொருத்திக்குக் கொடுக்கிறேன். நடுநடுவே போய்த் தொலைபேசியில் ஓர் எண்ணைச் சுற்றுகிறேன், 'இல்லை, சும்மாதான் கூப்பிட்டேன்' என்று வைத்துவிட்டு வகுப்பைத் தொடர்கிறேன். பின்னால் எங்கேயோ தட்டச்சு சத்தம். முதல் தடவை போனைச் சுற்றும்போது குரலில் நம்பிக்கை இருக்கும். நாலாவது தடவை என்ன இருக்கும் என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை. வியாழன் முயற்சி செய்து பார்க்கிறேன்.

பெரியவர் ஐயா, பதக்கமும் குடியுரிமையும் பற்றிச் சொன்னீர்களே, அதை என் மகளிடம் சொன்னேன். பல்கலைக்கழகத்தில் படிக்கிறாள், அவளுக்கு அது தெரிந்திருக்கவில்லை. உடனே தேடிப் படிக்க உட்கார்ந்துவிட்டாள்.

ஓர் உதவி வேண்டும். அந்தக் காலத்துச் சுற்றும் தொலைபேசி யாரிடமாவது இருக்கிறதா? சுங்கை ரோடு சந்தை இருந்திருந்தால் அங்கே போய்த் தேடியிருப்பேன். வாடகைக்கு விடும் இடத்தில் கேட்டேன், நாள் கணக்கில் காசு, எங்கள் குழுவுக்குக் கட்டாது.


செம்பவாங் பெரியவர் எழுதியது:

என்னிடம் கறுப்பில் ஒன்று இருக்கிறது. வீட்டுக்காரி காலமானபிறகு அதை எடுத்துப் பரண்மேல் வைத்துவிட்டேன். நேற்று பேரனை ஏறச் சொல்லி இறக்கினேன். கம்பி அறுந்திருக்கிறது, பேச முடியாது. ஆனால் சுற்றினால் அந்தச் சத்தம் அப்படியே வருகிறது. ஒன்பதைச் சுற்றினால் திரும்பி வர நேரம் எடுக்கும், அதை மனசில் வைத்து எண்ணைத் தேர்ந்தெடுங்கள்.

வியாழன் 7 மணிக்கு பிடோக் ரயில் நிலையத்துக்குக் கொண்டுவருகிறேன். கனமாக இருக்கும், தூக்க ஒரு பையனை அழைத்து வாருங்கள். ஒத்திகையை ஓரமாக உட்கார்ந்து பார்க்கலாமா?


பிடோக் மல்லி எழுதியது:

தாராளமாக ஐயா. நானே நிலையத்துக்கு வருகிறேன். மன்றத்தில் குளிரூட்டி பலமாக இருக்கும், போர்த்திக்கொள்ள ஏதாவது எடுத்து வாருங்கள்.